ஜீவனாம்ச உத்தரவு வந்துவிட்டது, பணம்தான் வரவில்லை: வாசகியின் கேள்விக்கு ஒரு வழக்கறிஞரின் பதில்

கேள்வி: எனக்கு முப்பத்து நான்கு வயது ஆகிறது. ஒன்பது வயது மகளுடன் திண்டுக்கல் மாவட்டத்தில் தாய் வீட்டில் இருக்கிறேன். 2023 ஜூன் மாதம் குடும்ப நல நீதிமன்றம் எனக்கு 7,000 ரூபாயும் மகளுக்கு 4,000 ரூபாயும் ஒவ்வொரு மாதமும் 10ஆம் தேதிக்குள் தரவேண்டும் என்று குற்றவியல் நடைமுறைச் சட்டம் 125ஆம் பிரிவின் கீழ் உத்தரவிட்டது. ஓசூரில் ஒரு தனியார் தொழிற்சாலையில் வேலை பார்க்கும் என் கணவர் சில காலம் வங்கியில் பணம் போட்டார். கடந்த பதினான்கு மாதங்களாக ஒரு பைசா வரவில்லை. கேட்டால், "ஒரு மாசம் ஜெயில்ல இருந்துட்டு வந்தா கணக்கு தீர்ந்துடும்" என்கிறார். தொகையைக் குறைக்கச் சொல்லி மனு போட்டிருப்பதாகவும் கேள்விப்பட்டேன்; அதன் நகல் எனக்கு வரவில்லை. என் வழக்கறிஞர், பாக்கிக் கட்டணத்தைக் கொடுத்தால்தான் கேஸ் கட்டைத் தருவேன் என்கிறார். நீதிமன்ற நகல் பிரிவுக்குப் போனால் வக்கீல் மூலமாக வாருங்கள் என்று திருப்பி அனுப்புகிறார்கள். இதற்கிடையே நான் கொடுத்த சாட்சியத்தின் சில பக்கங்களைக் கணவர் வீட்டார் வாட்ஸ்அப்பில் உறவினர்களுக்கு அனுப்பியிருக்கிறார்கள். ஒரு லட்சம் வாங்கிக்கொண்டு எழுதிக் கொடுத்துவிடு என்று ஊர்ப் பெரியவர்கள் சொல்கிறார்கள். நான் என்ன செய்வது?

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

உங்கள் கடிதத்தில் பல கேள்விகள் இருந்தாலும் எல்லாம் ஓரிடத்தில் வந்து முடிகின்றன. ஜீவனாம்ச உத்தரவு தானாகப் பணத்தை வசூலித்துத் தராது. ஒவ்வொரு முறையும் நீங்கள் மனு போட்டுத்தான் அதை நகர்த்த வேண்டும். அப்படி நகர்த்துவதற்கு வேண்டிய காகிதங்கள் இப்போது உங்களிடம் இல்லை. ஆகவே வசூலுக்கான வழியையும் காகிதங்களைப் பெறும் வழியையும் சேர்த்தே எழுதுகிறேன். இரண்டையும் ஒரே வாரத்தில் தொடங்குங்கள். ஒன்று முடியட்டும் என்று மற்றதை நிறுத்தி வைக்க வேண்டாம்.

முதலில் அவசரமானதைச் சொல்லிவிடுகிறேன். 2024 ஜூலை 1 முதல் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா நடைமுறைக்கு வந்திருக்கிறது. பழைய 125ஆம் பிரிவு அதில் 144ஆம் பிரிவாகவும், உத்தரவை நிறைவேற்றுவது பற்றிய பழைய 128ஆம் பிரிவு 147ஆம் பிரிவாகவும் உள்ளன. உங்கள் உத்தரவு பழைய சட்டத்தின் கீழ் வந்தது என்பதால் அது செல்லாமல் போய்விடவில்லை. இப்போது போடும் மனுவில் புதிய பிரிவையும் பழைய பிரிவையும் சேர்த்தே குறிப்பிடுங்கள். இந்த 144(3)இல், முன்பு 125(3)இல் இருந்த அதே காலக்கெடு தொடர்கிறது: ஒரு மாதத்துத் தொகை எந்தத் தேதியில் கொடுபடத் தக்கதாகிறதோ, அந்தத் தேதியிலிருந்து ஓராண்டுக்குள் மனு போட்டால்தான் அந்தத் தொகைக்கு நீதிமன்றம் வசூல் பிடியாணை பிறப்பிக்க முடியும்.

இதை உங்கள் கணக்கில் பொருத்திப் பாருங்கள். மாதம் 11,000 வீதம் பதினான்கு மாத நிலுவை 1,54,000 ரூபாய். இதுவரை நீங்கள் நிறைவேற்று மனு எதுவும் போடவில்லை என்று கடிதத்திலிருந்து புரிந்துகொள்கிறேன். அப்படியானால் முதல் இரண்டு மாதங்களின் 22,000 ரூபாய் இந்த வழியிலிருந்து ஏற்கெனவே நழுவிவிட்டது; மீதி 1,32,000 ரூபாய்க்குத்தான் பிடியாணை கேட்க முடியும். அடுத்த மாதம் 10ஆம் தேதி தாண்டினால் இன்னும் ஒரு 11,000 நழுவும். பெரியவர்கள் பேசி முடிக்கட்டும், பண்டிகை கழியட்டும் என்று நாள் தள்ளுவதில் கணவருக்குத்தான் லாபம். நழுவிய 22,000 ரூபாயும் அடியோடு போய்விட்டது என்று எண்ண வேண்டாம். தமிழ்நாட்டிலிருந்து சென்ற ஒரு வழக்கில் 2013ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றம், இந்த ஓராண்டுக் கெடு பிடியாணை, சிறை என்ற வழியை மட்டுமே அடைக்கிறது, நிலுவையைப் பெறும் உரிமையை அது அழிப்பதில்லை, உரிமையியல் (சிவில்) வழியில் அந்தத் தொகையைக் கேட்கலாம் என்று தெளிவாகக் கூறியிருக்கிறது. மனு ஒருமுறை கெடுவுக்குள் தாக்கலாகிவிட்டால், அது நிலுவையில் இருக்கும்போது சேரும் மாதங்களை அதே மனுவில் கூடுதல் மனு மூலம் சேர்த்துக்கொள்ளலாம் என்று 2005இல் உச்ச நீதிமன்றம் சொன்னதும் உங்களுக்குத் துணையாக இருக்கும்.

மனுவோடு ஒரு நிலுவைக் கணக்குத் தாள் இணைக்கப்பட வேண்டும். இதை யாரும் எழுதித் தரட்டும் என்று காத்திருக்காமல் நீங்களே எழுதுங்கள். மாதம், கொடுபடத் தக்க தேதி, உங்களுக்குரிய தொகை, மகளுக்குரிய தொகை, வந்த தொகை, வந்த தேதி, மீதி என்று ஏழு கட்டங்கள் போதும். உத்தரவு தொடங்கிய நாளிலிருந்து எழுதுங்கள். அவர் ஒழுங்காகக் கொடுத்த மாதங்களையும் மறைக்காமல் காட்டுங்கள். வங்கிப் புத்தகத்தை வரவு வைத்து வாங்கி, அவர் போட்ட ஒவ்வொரு தொகைக்கும் எதிரே பக்க எண்ணைக் குறியுங்கள். "கையில் ரொக்கமாகக் கொடுத்தேன்" என்பது எதிர்த்தரப்பு வழக்கமாகச் சொல்லும் பதில். முன்பு எல்லாத் தொகையும் வங்கி வழியாகவே வந்திருக்கிறது என்று இந்தத் தாள் காட்டும்போது அந்தப் பதில் நிற்காது.

எந்த நீதிமன்றத்தில் போடுவது என்ற குழப்பம் வேண்டாம். கணவர் எந்த ஊரில் இருக்கிறாரோ அந்த ஊர் நடுவரே, அதாவது மாஜிஸ்திரேட்டே, உத்தரவை நிறைவேற்றலாம் என்று 147ஆம் பிரிவு சொல்கிறது. ஆளடையாளமும் பணம் தரப்படவில்லை என்பதும் அவருக்குத் திருப்தியாகத் தெரிந்தால் போதும். ஆனால் மகளைப் பள்ளிக்கு அனுப்பிவிட்டுத் திண்டுக்கல்லிலிருந்து ஓசூருக்கு வாய்தாவுக்கு வாய்தா நீங்கள் அலைவது நடக்கிற காரியம் இல்லை. உத்தரவிட்ட நீதிமன்றத்திலேயே போடுங்கள். மூலக் கட்டு அங்கே இருக்கிறது. பிடியாணை ஓசூர்க் காவல் நிலையம் வழியாகப் போகட்டும். அந்தப் பிடியாணை "ஆள் இல்லை" என்ற குறிப்போடு திரும்பி வராமலிருக்க, மனுவிலேயே தொழிற்சாலையின் பெயர், முகவரி, பிரிவு, தெரிந்தால் பணியாளர் எண், தங்கியிருக்கும் வீட்டு முகவரி ஆகியவற்றை எழுதி, கணவரின் புகைப்படம் ஒன்றையும் இணையுங்கள். பிடியாணை எந்தத் தேதியில் அனுப்பப்பட்டது, அனுப்பிய எண் என்ன என்பதை நீதிமன்ற அலுவலகத்தில் கேட்டுக் குறித்துக்கொண்டு, அந்த எண்ணோடு சம்பந்தப்பட்ட காவல் நிலையத்துக்கு ஒரு பதிவுத் தபால் அனுப்புங்கள்.

இனிச் சிறை பற்றி. வசூல் பிடியாணை என்பது அபராதத்தை வசூலிப்பது போன்ற நடவடிக்கை. அசையும் சொத்தை ஜப்தி செய்து விற்கலாம். மாவட்ட ஆட்சியருக்கு அனுப்பி நில வரிப் பாக்கியைப் போல அசையாச் சொத்திலிருந்தும் வசூலிக்கச் சொல்லலாம். கணவரின் பெயரில் நிலமோ வீடோ இருப்பதாகத் தெரிந்தால் பதிவுத் துறையின் இணையதளத்தில் வில்லங்க விவரத்தையும் வருவாய்த் துறையின் இணையதளத்தில் பட்டா, சிட்டாவையும் பார்த்து அச்செடுத்து இணையுங்கள். மாமனார் பெயரில் இருக்கும் பட்டாவைக் காட்டி ஜப்தி கேட்க முடியாது. பிடியாணையை நிறைவேற்றிய பிறகும் வராமல் நிற்கும் ஒவ்வொரு மாதத் தொகைக்கும், தகுந்த காரணம் இல்லாமல் தராமலிருந்தால், ஒரு மாதம் வரையோ பணம் கட்டும் வரையோ சிறை விதிக்கலாம். பல மாத நிலுவைக்குச் சேர்த்து ஒரே நேரத்தில் எவ்வளவு காலம் சிறை விதிக்கலாம் என்பதில் உயர் நீதிமன்றங்களிடையே ஒருமித்த கருத்து இல்லை. அதனால் நிலுவையை மலைபோலச் சேரவிட்டு ஒரே மனு போடுவதைவிட, இனிமேல் இரண்டு மூன்று மாதத்துக்கு ஒருமுறை தொடர்ந்து மனு போடுவதே பலன் தரும் என்பது என் கருத்து. வசூல் பிடியாணை கேட்காமலே நேராகக் கைது கேட்கும் மனுக்களையும் பார்க்கிறேன். அப்படிப் பெற்ற கைது உத்தரவை உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு போட்டு அசைக்க வழி உண்டு என்பதால் படிப்படியாகப் போவதே நல்லது.

உள்ளே இருந்துவிட்டு வந்தால் கணக்கு தீர்ந்துவிடும் என்று உங்கள் கணவர் சொல்வது முழுத் தவறு. சிறை என்பது பணத்தைத் தரவைப்பதற்கான ஒரு வழிமுறை, சிறையில் இருந்ததாலேயே கடன் அடைந்துவிட்டதாகாது என்று 1989ஆம் ஆண்டிலேயே உச்ச நீதிமன்றம் தீர்த்துச் சொல்லிவிட்டது. சிறைக்குப் போய் வந்தாலும் அந்த மாதத் தொகை அப்படியே கடனாக நிற்கும்; சொத்திலிருந்தும் சம்பளத்திலிருந்தும் அதை வசூலிக்கலாம்.

மாதச் சம்பளம் வாங்கும் ஒருவரிடம் சிறையைவிடச் சம்பளத்தைப் பிடிப்பதே பலன் தரும் வழி. அவரைக் கைது செய்தால் வேலை போகலாம். வேலை போனால் அடுத்த மாதத் தொகைக்கு நீங்கள் எங்கே போவீர்கள்? 2020 நவம்பர் 4ஆம் தேதி ரஜ்னேஷ் எதிர் நேஹா என்ற வழக்கில் உச்ச நீதிமன்றம் ஜீவனாம்ச வழக்குகள் அனைத்துக்கும் பொதுவான நெறிமுறைகளை வகுத்தது. ஜீவனாம்ச உத்தரவை உரிமையியல் நீதிமன்றம் பணம் தரச் சொல்லிப் பிறப்பிக்கும் தீர்ப்பாணை போலவே உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின்படி நிறைவேற்றலாம் என்பது அவற்றில் ஒன்று. அந்தச் சட்டத்தின் 60ஆம் பிரிவு, ஜீவனாம்சத் தீர்ப்பாணையாக இருந்தால் சம்பளத்தில் மூன்றில் ஒரு பங்கை மட்டுமே ஜப்தியிலிருந்து விலக்குகிறது. அதாவது மூன்றில் இரண்டு பங்கு வரை பிடிக்கலாம். மற்றக் கடன்களுக்கு அந்த அளவுக்குப் பிடிக்க முடியாது. தனியார் நிறுவன ஊழியரின் சம்பளத்தை நிறுவனமே பிடித்து நீதிமன்றத்துக்கு அனுப்ப உத்தரவிடும் வழி அதே சட்டத்தின் கட்டளை 21, விதி 48அ. சம்பளப் பட்டியலைத் தாக்கல் செய்யும்படி நிறுவனத்துக்கு அழைப்பாணை அனுப்பவும் கேளுங்கள். பணத் தீர்ப்பாணை முப்பது நாட்கள் நிறைவேறாமல் இருந்தால், சொத்து விவரம் அனைத்தையும் பிரமாணப் பத்திரமாகத் தாக்கல் செய்யுமாறு கடன்பட்டவருக்கு உத்தரவிடச் சொல்லி அதே கட்டளையின் விதி 41இன் கீழ் கேட்கலாம். நழுவிப்போன 22,000 ரூபாயையும் இந்த வழியில் சேர்த்துக்கொள்ளுங்கள்.

நீங்கள் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டத்தின் கீழும் உத்தரவு பெற்றிருந்தால், 20(6)ஆம் பிரிவின்படி நடுவரே நிறுவனத்துக்கு நேரடியாக உத்தரவிட்டு உங்கள் கணக்கில் சம்பளத்தின் ஒரு பகுதியைச் செலுத்தச் சொல்லலாம். பெறவில்லை என்றால் அதற்காக இப்போது புதிதாக ஒரு வழக்குத் தொடங்குவதை நான் பரிந்துரைக்க மாட்டேன். கையில் இருக்கும் உத்தரவையே முதலில் நிறைவேற்றுங்கள்.

குறைப்பு மனு பற்றிக் கேட்டிருந்தீர்கள். சூழ்நிலை மாறியதாகச் சொல்லித் தொகையைக் கூட்டவோ குறைக்கவோ புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 146ஆம் பிரிவின் கீழ் இரு தரப்பாரும் கேட்கலாம். மனு போட்டிருப்பதாலேயே உத்தரவு நின்றுவிடாது. நீதிமன்றம் மாற்றும் வரை அல்லது மேல் நீதிமன்றம் தடை விதிக்கும் வரை மாதம் 11,000 ரூபாய் ஓடிக்கொண்டுதான் இருக்கும். உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் சீராய்வு மனு போட்டிருப்பதாக நாளை சொன்னாலும் இதே பதில்தான்: தடை உத்தரவைக் காட்டுங்கள் என்று கேளுங்கள். உங்களுக்கு நகல் தராமல், உங்களைக் கேட்காமல் அந்த மனுவை முடிக்க முடியாது. இ-கோர்ட்ஸ் இணையதளத்திலோ செயலியிலோ உங்கள் மாவட்டத்தையும் நீதிமன்றத்தையும் தேர்ந்தெடுத்து, தரப்பினர் பெயர் என்ற இடத்தில் கணவரின் பெயரை இட்டுத் தேடுங்கள். மனு எண்ணும் அடுத்த வாய்தாத் தேதியும் வரும், சி.என்.ஆர். எனப்படும் பதினாறு இலக்க எண்ணைக் குறித்து வைத்துக்கொள்ளுங்கள். குடும்ப வழக்குகளில் உத்தரவுகள் பலவும் அங்கே பொதுப்பார்வைக்கு ஏற்றப்படுவதில்லை. அது தரப்பினரின் அந்தரங்கத்தைக் காப்பதற்காகத்தான். ஆகையால் திரையில் எதுவும் இல்லை என்று கண்டதும் உத்தரவே இல்லை என்று முடிவுகட்டிவிடாமல், சான்றிட்ட நகலுக்கு மனு போடுங்கள்.

இனி அந்த நகலைப் பெறும் வழி. எனக்கு மிகவும் வருத்தம் தந்தது உங்கள் கடிதத்தின் இந்தப் பகுதிதான். ஜீவனாம்ச உத்தரவின் நகலைப் பயனாளிக்குக் கட்டணம் இல்லாமல் தரவேண்டும் என்று 147ஆம் பிரிவே சொல்கிறது. பழைய 128ஆம் பிரிவும் அதையே சொன்னது. குடும்ப வன்முறைச் சட்டத்தின் 24ஆம் பிரிவிலும் இலவச நகல் உண்டு. குடும்ப நல நீதிமன்றங்கள் சட்டம், 1984இன் 13ஆம் பிரிவின்படி அந்த நீதிமன்றத்தில் வழக்கறிஞரை வைத்துக்கொள்வது உரிமையே கிடையாது. நீதிமன்றம் அனுமதித்தால்தான் வழக்கறிஞர் ஆஜராக முடியும். தரப்பினர் நேரில் வருவதையே அடிப்படையாகக் கொண்டு அமைந்த நீதிமன்றத்தில், ஒரு தரப்பினரிடமே "வக்கீல் மூலமாக வாருங்கள்" என்று சொல்வதற்குச் சட்டத்தில் இடமில்லை. ஏற்கெனவே வக்காலத்து இருப்பதால் நகல் இரண்டு பேருக்குப் போய்விடுமோ என்ற அலுவலகத் தயக்கமாக அது இருக்கலாம். அந்தத் தயக்கத்தைத் தீர்க்க எழுத்து மூலமான மனு ஒன்று போதும்.

வாய்மொழியாகக் கேட்காதீர்கள். எம்.சி. எண் எனப்படும் ஜீவனாம்ச வழக்கு எண், ஆண்டு, இரு தரப்பார் பெயர், உத்தரவுத் தேதி ஆகியவற்றை எழுதி, "மேற்படி வழக்கின் மனுதாரரான நான், பிரிவு 147இன்படி எனக்குரிய இலவசச் சான்றிட்ட நகலை நேரில் பெற்றுக்கொள்ள விரும்புகிறேன்" என்று நகல் மனு எழுதி, ஆதார் நகலை இணைத்துக் கொடுத்து எண் வாங்குங்கள். எதிருரை, இரு தரப்புச் சாட்சியம், சான்றாவணங்கள், கணவர் தாக்கல் செய்த சொத்து மற்றும் பொறுப்பு விவரப் பிரமாணப் பத்திரம் ஆகியவற்றுக்குத் தனியாக இன்னொரு நகல் மனு போடுங்கள். இவற்றுக்குக் கட்டணம் உண்டு. கட்டணத்துக்கான முத்திரைத்தாள் கேட்புப் பட்டியலை அறிவிப்புப் பலகையில் ஒட்டுவார்கள். பலர் அதைப் பார்க்காமல் விட்டு, கெடு முடிந்து மனு தள்ளுபடியான பிறகு திரும்பவும் தொடங்குகிறார்கள். நகல் கைக்கு வந்ததும் அதன் பின்பக்கத்தைப் பாருங்கள்: மனு கொடுத்த நாள், முத்திரைத்தாள் கேட்ட நாள், கொடுத்த நாள், நகல் தயாரான நாள், வழங்கிய நாள் என்று வரிசையாகத் தேதிகள் இருக்கும். மேல்முறையீட்டுக்கோ சீராய்வுக்கோ காலம் கணக்கிடும்போது, நகல் பெறச் செலவான நாட்களைக் கழிப்பதற்கு அந்தத் தேதிகள்தான் ஆதாரம். கட்டு பதிவறைக்குப் போய்விட்டது என்றாலும் நகல் மனுவை மறுக்க அது காரணமாகாது. எடுத்து வர நாளாகும், அவ்வளவுதான். நகல் மனுவை வாங்கவே மறுத்தால், பதிவுத் தபாலில் அனுப்பிவிட்டு, நீதிபதிக்கு ஒரு குறிப்பு எழுதி நீதிமன்றம் தொடங்கும் நேரத்தில் நேரிலேயே முறையிடுங்கள்.

அந்தச் சொத்து விவரப் பிரமாணப் பத்திரத்தை நான் அழுத்திச் சொல்லக் காரணம் உண்டு. ரஜ்னேஷ் வழக்கின் நெறிமுறைப்படி இரு தரப்பாரும் வருமானம், சொத்து, கடன், வங்கிக் கணக்கு, வருமானவரி விவரங்களைப் பிரமாணப் பத்திரமாகத் தாக்கல் செய்ய வேண்டும். இன்று குறைப்பு மனுவில் அவர் என்ன சொல்கிறாரோ அதை அன்று சொன்னதோடு பக்கத்தில் வைத்துப் பார்ப்பதற்கு அது உங்களிடம் இருக்க வேண்டும். தெரிந்தே பொய் சொல்லியிருப்பது ஆவணத்தால் புலப்பட்டால் புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 379ஆம் பிரிவின் கீழ், அதாவது பழைய 340இன் கீழ், விசாரணை கேட்கலாம். கணவர் தனியார் நிறுவன ஊழியர் என்பதால் தகவல் உரிமைச் சட்டம் இங்கே எட்டாது. அரசு ஊழியராக இருக்கும் கணவரின் சம்பள விவரத்தை அந்தச் சட்டத்தின் கீழ் தரலாம் என்று உயர் நீதிமன்றங்கள் சில சொல்லியிருக்கின்றன. ஆனால் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம், 2023 தகவல் உரிமைச் சட்டத்தின் தனிப்பட்ட தகவல் விலக்கையே திருத்தி எழுதியிருக்கிறது. எனவே அரசு ஊழியரின் மனைவிக்கும் நீதிமன்ற அழைப்பாணை வழியாகக் கேட்பதையே இப்போது சொல்கிறேன்.

உங்கள் வழக்கறிஞர் கட்டை வைத்துக்கொண்டிருப்பது முறையல்ல. கட்டணப் பாக்கிக்காகக் கட்சிக்காரரின் கட்டைப் பிடித்து வைத்துக்கொள்ள வழக்கறிஞருக்கு உரிமை இல்லை, அவ்வாறு செய்வது தொழில் ஒழுங்கீனம், பாக்கியை வேறு சட்ட வழியில்தான் கேட்க வேண்டும் என்று 2000ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. அவரது உழைப்புக்கான கட்டணம் நியாயமானதாக இருந்தால் அதை நீங்கள் தரத்தான் வேண்டும், தவணை கேளுங்கள். ஆனால் கட்டு உங்களுடையது. எந்தெந்த ஆவணங்கள் வேண்டும் என்று பட்டியலிட்டுப் பதிவுத் தபாலில் கேட்டு, பதினைந்து நாள் அவகாசம் கொடுங்கள். பதில் இல்லையென்றால் தமிழ்நாடு மற்றும் புதுச்சேரி வழக்கறிஞர்கள் சங்கப் பெருமன்றத்தில், அதாவது பார் கவுன்சிலில், புகார் செய்யலாம். அதுவரை கையைக் கட்டிக்கொண்டு இருக்க வேண்டியதில்லை. நீதிமன்றத்திலிருந்து நேரடியாகச் சான்றிட்ட நகல் வாங்கிவிட்டால் அந்தக் கட்டை நம்பி நிற்கும் நிலை பாதி நீங்கிவிடும். வேறு வழக்கறிஞர் வைக்க அவர் ஆட்சேபணையின்மை தர மறுத்தாலும் நீதிமன்றத்தின் அனுமதியோடு மாற்றிக்கொள்ளலாம்.

பெண் என்ற ஒரே காரணத்தாலேயே, வருமான வரம்பு எதுவும் பார்க்காமல், சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டம், 1987இன் 12ஆம் பிரிவின்படி உங்களுக்கு இலவச வழக்கறிஞர் கிடைக்கும். மாவட்ட நீதிமன்ற வளாகத்திலேயே மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு அலுவலகம் இருக்கும். 15100 என்ற எண்ணிலும் கேட்கலாம். நிலுவைக் கணக்குத் தாளையும் நகல் மனு எண்ணையும் எடுத்துக்கொண்டு போனால் அங்கே வேலை விரைவாக நடக்கும்.

வாட்ஸ்அப்பில் உங்கள் சாட்சியப் பக்கங்கள் சுற்றியது பற்றி. உங்கள் கணவரும் வழக்கின் தரப்பினர் என்பதால் அந்த நகல் அவருக்குக் கிடைத்ததில் தவறில்லை. வழக்கை நடத்துவதற்காகக் கொடுத்த காகிதத்தை உறவுக் கூட்டத்தில் உங்களை அவமானப்படுத்தப் பயன்படுத்தியதுதான் தவறு. குடும்ப நல நீதிமன்றங்கள் சட்டத்தின் 11ஆம் பிரிவின்படி, நீதிமன்றம் விரும்பினாலோ தரப்பினரில் ஒருவர் கேட்டாலோ விசாரணையை மூடிய அறையில் நடத்தலாம். ஒரு தரப்பு கேட்டுவிட்டால் நடத்தியே ஆக வேண்டும். நிறைவேற்று மனுவிலும் குறைப்பு மனுவிலும் முதல் வாய்தாவிலேயே இதைக் கேளுங்கள். ஆவணங்களை வழக்குக்கு வெளியே பரப்பக் கூடாது என்று கணவருக்கு உத்தரவிடக் கோரி ஒரு மனுவும் போடுங்கள். அந்த வாட்ஸ்அப் திரைப்பதிவுகளை அனுப்பியவர் எண்ணும் தேதியும் தெரியும்படி அச்செடுத்து இணையுங்கள், அசல் கைப்பேசியிலிருந்து அழித்துவிடாதீர்கள். உங்களுக்குள் விவாகரத்து வழக்கும் நடந்தால், இந்துத் திருமணச் சட்டத்தின் 22ஆம் பிரிவு அந்த நடவடிக்கைகளை அச்சிடவோ வெளியிடவோ தடை செய்கிறது. மீறினால் தண்டனை ஆயிரம் ரூபாய் வரை அபராதம் மட்டுமே. கைப்பேசியில் ஒரு நொடியில் நூறு பேருக்கு அனுப்பிவிடக் கூடிய இந்தக் காலத்தில் அது யாரையும் தடுக்காது என்பதை நாடாளுமன்றம் கவனிக்க வேண்டும் என்றே நினைக்கிறேன்.

வழக்கில் தொடர்பில்லாத மூன்றாமவர் உங்கள் கட்டிலிருந்து நகல் கேட்டால், காரணத்தைச் சொல்லிப் பிரமாணப் பத்திரத்தோடு மனு போட்டு நீதிமன்றத்தின் அனுமதி பெற வேண்டும். தகவல் உரிமைச் சட்டத்தைக் காட்டி அந்தப் படியைத் தாண்ட முடியாது என்று 2020 மார்ச் மாதம் உச்ச நீதிமன்றம் குஜராத் உயர் நீதிமன்றம் தொடர்பான வழக்கில் கூறிவிட்டது. அந்தத் தீர்ப்பைப் பொதுவாகக் குறை கூறுகிறவர்கள் உண்டு. குடும்ப வழக்குகளைப் பொறுத்தவரை அது பெண்களுக்குப் பாதுகாப்பாகவே இருக்கிறது என்பது என் எண்ணம். அதே நேரத்தில், அந்நியருக்காகப் போட்ட பூட்டைக் காட்டி வழக்கின் தரப்பினரையே வாசலில் நிறுத்துவதை ஒருபோதும் ஏற்க முடியாது.

கடைசியாக அந்த ஒரு லட்ச ரூபாய். நிலுவை மட்டுமே 1,54,000 ரூபாய் இருக்கும்போது, ஒரு லட்சத்தை வாங்கிக்கொண்டு இனிமேல் வரவேண்டியதையும் விட்டுக்கொடுப்பது நியாயமான சமரசம் ஆகாது. சமரசம் பேசுவதே தவறு என்று நான் சொல்லவில்லை; நீதிமன்றச் சமரச மையத்தில், உங்கள் தரப்பு வழக்கறிஞர் பக்கத்தில் இருக்க, நீதிமன்றப் பதிவில் ஏறும்படி பேசுங்கள். ஊர்ப் பெரியவர்கள் முன்னிலையில் முத்திரைத்தாளில் எழுதப்படும் காகிதங்களில் "இருவரும் மனமொத்துப் பிரிந்து வாழச் சம்மதிக்கிறோம்" என்ற வரி ஏறக்குறைய எப்போதும் இருக்கும். பார்ப்பதற்குச் சாதுவான வரி அது. ஆனால் பரஸ்பரச் சம்மதத்தின் பேரில் பிரிந்து வாழும் மனைவிக்கு ஜீவனாம்சம் இல்லை என்று 144(4)ஆம் பிரிவு சொல்கிறது; அந்த ஒரு வரியை வைத்துக்கொண்டு 2023ஆம் ஆண்டு உத்தரவையே ரத்து செய்யக் கேட்பார்கள். விவாகரத்துக்குப் பிறகு "ஜீவனாம்ச உரிமையை விட்டுக்கொடுக்கிறேன்" என்று எழுதித் தந்தால் 146ஆம் பிரிவின் கீழும் அதே ஆபத்து உண்டு. மகளுக்குரிய 4,000 ரூபாயை விட்டுக்கொடுக்கும் அதிகாரம் உங்களுக்கும் இல்லை, பெரியவர்களுக்கும் இல்லை.

பிடியாணை போனதும் வாய்தா நாளன்று அவர் இருபதாயிரமோ முப்பதாயிரமோ கொண்டுவந்து நீட்டக்கூடும். வாங்கிக்கொள்ளுங்கள், மறுக்க வேண்டாம். வாங்கும்போது வெற்றுத் தாளில் கையெழுத்துப் போடாமல், எந்தெந்த மாதத்துக்கு, எவ்வளவு என்று குறித்து, "நிலுவையின் ஒரு பகுதியாக மட்டும், மீதிக்கான உரிமையை விட்டுக்கொடுக்காமல் பெற்றுக்கொண்டேன்" என்று உங்கள் கைப்பட எழுதி, அதை நீதிமன்றத்தில் குறிப்பாகத் தாக்கல் செய்துவிட்டு, மீதித் தொகைக்கு அடுத்த வாய்தாத் தேதியை வாங்கிக்கொண்டு வாருங்கள்.